தோட்டத்துக் கள்ளுக்கடையும் டவுன் கோப்பிக்கடையும்: சில கேள்விகள், சில பதில்கள்

மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் பக்கத்துக் கித்தா (ரப்பர்) தோட்டம் ஒன்றில் பிறந்தவன் நான். அப்பா பகலில் பால் வெட்டினார், சாயங்காலம் தோட்டத்துக் கள்ளுக்கடையில் கணக்கு எழுதினார். அம்மா அந்தக் கடைப் பக்கம் திரும்பிக்கூடப் பார்த்ததில்லை. தமிழ்ப்பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற பிறகு, தோட்டத்து மக்கள் எங்கே உட்கார்ந்தார்கள், என்ன சாப்பிட்டார்கள், என்ன குடித்தார்கள் என்று கேட்டு எழுதி வைப்பதே பொழுதுபோக்காகிவிட்டது. கேள்விகளை அனுப்பச் சொன்னேன், குவிந்துவிட்டன. ஒரே மாதிரி இருந்தவற்றை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன்.

நம்மைக் குடிகாரர்களாக்கவே வெள்ளைக்காரத் துரை கள்ளுக்கடை திறந்தான் என்று தாத்தா சொல்வார். உண்மையா ஐயா? (பாரிட் புந்தாரிலிருந்து ஒரு தம்பி)

பாதி உண்மை தம்பி. கள் குடிக்கிற பழக்கம் ஊரிலிருந்தே நம் ஆட்களோடு கப்பல் ஏறி வந்தது. அதைத் துரை தலையில் கட்ட முடியாது. அவருடைய கெட்டிக்காரத்தனம் எல்லாம் கடையை எங்கே வைத்தார் என்பதில்தான். லயத்திலிருந்து, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளிலிருந்து, நாலு எட்டு வைத்தால் கடை. உரிமம் தோட்டத்தின் பேரில். சம்பளம் கொடுப்பதும் தோட்டம், சாயங்காலம் அதில் ஒரு பங்கைத் திரும்ப வாங்கிக்கொள்வதும் தோட்டம்.

நிர்வாகத்தின் வாதம் இதுதான்: இங்கே கள் இல்லாவிட்டால் ஆட்கள் டவுனுக்குப் போய்ச் சம்சு என்ற மலிவுச் சாராயம் குடிப்பார்கள், மறுநாள் காலைப் பெரட்டுக்கு (ஆள் கணக்கெடுப்புக்கு) வரமாட்டார்கள், கள் அதைவிட உடம்புக்கு நல்லது. இதில் கொஞ்சம் நியாயமும் உண்டு. கள்ளில் நொதியோடு சத்தும் இருக்கிறது, சம்சுவில் போதை மட்டும்தான். ஆனால் இந்த வாதத்தைச் சொன்னவர்கள் சாயங்காலத்தில் கிளப்பில் விஸ்கி குடித்தவர்கள் என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

கடை லாபம் தொழிலாளர் நலனுக்கே போகவேண்டும் என்று ஒரு ஏற்பாடு இருந்தது. கோயில் திருவிழா, விளையாட்டு, திரையில் படம் என்று அந்தப் பணம் செலவாகும். யோசித்துப் பாருங்கள். தொழிலாளி தன் கூலியில் குடித்து, அந்த லாபத்தில் தனக்கே திருவிழா நடத்திக்கொண்டான். மாலை மட்டும் துரை கழுத்தில் விழுந்தது.

கள்ளுக்கடைக்குள் எப்படி இருக்கும்? நான் பார்த்ததே இல்லை. (ஈப்போ, கல்லூரி மாணவி)

பெரிதாக ஒன்றும் இல்லை தங்கச்சி. தகரக் கூரை, சிமெண்டுத் தரை, முன்பக்கம் கம்பி. கம்பிக்குள்ளிருந்து மங்கில் (குவளையில்) ஊற்றித் தருவார்கள். உட்கார ஒழுங்கான பலகை கிடையாது. திண்ணை ஓரத்தில் குந்துவார்கள், இல்லாவிட்டால் புல்லில். தொட்டுக்கொள்ள அவித்த கடலை, கருவாடு, ஆட்டு ஈரல் வறுவல் என்று வெளியே ஒருவர் தட்டு வைத்து விற்பார். கடை திறந்திருப்பது சில மணி நேரம்தான், அதுவும் பால் எல்லாம் ஸ்டோருக்குப் போன பிறகு.

நேரம் குறைவாக இருந்ததற்குக் கள்ளின் குணமும் ஒரு காரணம். தென்னம்பாளையைக் கட்டி, தட்டி, நுனியைச் சீவிப் பானையைக் கவிழ்த்துவிடுவார்கள். காலையிலும் மாலையிலும் ஏறி இறக்கவேண்டும். பானையில் சுண்ணாம்பு தடவினால் இனிப்பாகவே இருக்கும், தடவாவிட்டால் இறக்கும்போதே பொங்க ஆரம்பித்திருக்கும். சில மணி நேரத்தில் ஏறத்தாழ பியர் அளவுக்குப் போதை வந்துவிடும். மறுநாள் வைத்திருந்தால் புளித்துக் காடியாகிவிடும். சேர்த்து வைக்கவோ தூரத்துக்கு அனுப்பவோ முடியாத சரக்கு. அதனால்தான் ஒவ்வொரு தோட்டத்துக்கும் தனிக்கடை வைப்பது வசதியாக இருந்தது.

கள்ளை எதிர்த்து நம் மக்களே போராடியிருக்கிறார்களா? (மூன்று பேர் கேட்டிருக்கிறார்கள்)

போராடினார்கள், உயிரையும் கொடுத்தார்கள். இதை நம் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லித் தருவதில்லை என்பது என் வருத்தம்.

1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம். முன்னால் நின்றவர் கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தின் ஆர். எச். நாதன். அன்று ஆணுக்கு நாள் கூலி 50 காசு. சீனத் தொழிலாளர்களுக்கு இணையான கூலி வேண்டும் என்றார்கள். அதோடு நிற்கவில்லை. தோட்டத்துக் கள்ளுக்கடையை மூடு. துரையையோ கிராணியையோ (தோட்டத்து எழுத்தரையோ) கண்டால் சைக்கிளிலிருந்து இறங்கவேண்டும் என்ற வழக்கத்தை எடு. உறவினர் நண்பர்கள் எங்களைப் பார்க்கத் தடையில்லாமல் வந்துபோக விடு. இவையெல்லாம் ஒரே கோரிக்கைப் பட்டியலில் இருந்தன. நாதனைக் கைது செய்து இந்தியாவுக்கு அனுப்பினார்கள். ராணுவம் வந்தது, துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர்கள் இறந்தார்கள்.

குடி, சைக்கிள், விருந்தாளி: படிக்கிறவர்களுக்கு இது சம்பந்தமில்லாத கதம்பமாகத் தெரியலாம். தோட்டத்தில் வளர்ந்தவனுக்கு இவை மூன்றும் ஒரே சங்கதி. என் பொழுதை நான் எப்படிக் கழிப்பது என்பதை நீ முடிவு செய்யாதே என்றார்கள், அவ்வளவுதான்.

போர் முடிந்தபின் கெடாவில் ஏ. எம். சாமி தலைமையில் தொண்டர் படை எழுந்தது. பீடோங் பக்கத்து ஹார்வர்ட் தோட்டம் அதன் மையம். இளைஞர்கள் வரிசையாக நின்று உடற்பயிற்சி செய்வார்கள், சாயங்காலம் கள்ளுக்கடை வாசலில் மறியல் செய்வார்கள். 1947இல் அது போலீசுடன் மோதலாகி, பலர் சிறைக்குப் போனார்கள், படையும் ஒடுக்கப்பட்டது. கள்ளுக்கடைகள் அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் ஓடின. எங்கள் அப்பா கணக்கு எழுதியதே அதற்கப்புறம்தான்.

பெண்கள் நிலைமை? (சுங்கை பட்டாணி, ஓர் அக்கா)

குடித்த பெண்களும் உண்டு அக்கா, பிரசவித்த உடம்புக்கு நல்லது என்று குடித்தவர்களும் உண்டு. ஆனால் பெரும்பாலான பெண்களுக்குக் கள்ளுக்கடை என்றால் சம்பள நாள்தான். ஆபீஸ் வாசலில் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு காத்திருப்பார்கள். புருஷன் சம்பளத்தை வாங்கிய கையோடு, மளிகைக் கடைக்காரரின் 555 புத்தகத்தில் இருக்கும் பாக்கியைத் தீர்த்தால்தான் அடுத்த மாதம் அரிசி. என் அம்மா தன் கூலியை அப்பாவிடம் காட்டியதே இல்லை. கள்ளுக்கடைக் கணக்கு எழுதுகிறவருக்கு வீட்டுக் கணக்கு எதற்கு என்பார்.

ஊரில் சத்திரம் இருந்ததே, இங்கே தொழிலாளிக்குத் தங்க இடம் ஏதும் இருந்ததா? (தெலுக் இந்தான்)

மாவட்டத் தலைநகர்தோறும் அரசாங்க ரெஸ்ட் ஹவுஸ் இருந்தது. சுற்றுப்பயணம் வரும் அதிகாரிகளுக்காகக் கட்டியது. சமையலுக்கு ஹைனான் சீனர்கள். சிக்கன் சாப் என்று இன்றைக்கும் பழைய கோப்பிக்கடைகளில் கிடைக்கிறதே, அது அவர்கள் கைவண்ணம். வராந்தாவில் சாய்வு நாற்காலி, கையில் விஸ்கி சோடா. அதற்கு ஸ்தெங்கா என்று பேர், பாதி என்று பொருள்படும் மலாய்ச் சொல்லிலிருந்து வந்தது. 50 காசுக் கூலிக்காரன் அந்த வராந்தாவை வெளியிலிருந்து பார்த்திருப்பான். உள்ளே போயிருந்தால் தோட்டம் பெருக்கப் போயிருப்பான்.

நம் ஆட்களுக்குச் சத்திரம் என்றால் அடுத்த தோட்டத்துச் சொந்தக்காரர் லயம். அதற்கும் சிக்கல் இருந்தது. தோட்டம் தனியார் நிலம், வெளியாள் அனுமதியில்லாமல் நுழைந்தால் அத்துமீறல். மாமன் வீட்டில் இரண்டு இரவு தங்க, வேலையை மேற்பார்க்கும் தண்டலிடம் சொல்லவேண்டும். கிள்ளான் கோரிக்கைப் பட்டியலில் விருந்தாளி ஏன் வந்தார் என்று இப்போது புரிகிறதா?

புழுங்கல் அரிசி நம் ஆட்களைக் காப்பாற்றியது என்று ஒரு மருத்துவர் சொன்னார். என்ன கதை? (கூலிம்)

எனக்கு மிகவும் பிடித்த கதை இது. 1900களின் தொடக்கத்தில் மலாயாவில் பெரிபெரி நோய் ஆயிரக்கணக்கில் ஆளைக் கொன்றது. கால் வீங்கும், நரம்பு செத்துப்போகும், கடைசியில் இதயம் நிற்கும். செத்தவர்களில் பெரும்பாலோர் ஈயச் சுரங்கத்துச் சீனர்கள். தோட்டத்துத் தமிழர்களுக்கு அது அபூர்வம். நெகிரி செம்பிலானில் இருந்த டாக்டர் பிராடன் இதைக் கவனித்து, வித்தியாசம் அரிசியில் இருக்கிறது என்றார். சீனர்கள் தீட்டிய பச்சரிசி சாப்பிட்டார்கள், நம்மவர்கள் புழுங்கல்.

1905இல் டாக்டர் பிளெட்சர் கோலாலம்பூர் மனநல மருத்துவமனையில் நோயாளிகளை இரண்டு பிரிவாக்கி, ஒரு பிரிவுக்குப் பச்சரிசி, மற்றதற்குப் புழுங்கல் கொடுத்துப் பார்த்தார். பச்சரிசிப் பக்கம் பெரிபெரி வந்தது, புழுங்கல் பக்கம் வரவில்லை. நெல்லை அவிக்கும்போது தவிட்டுச் சத்து உள்ளே இறங்கிவிடுகிறது, தீட்டினாலும் முழுதாகப் போவதில்லை. வைட்டமின் என்ற சொல்லே அப்போது பிறக்கவில்லை. (அந்த நோயாளிகளிடம் யாரும் சம்மதம் கேட்டிருக்கமாட்டார்கள். அதையும் சேர்த்தே சொல்லவேண்டும்.)

ஜப்பான்காரன் காலத்தில் இந்தக் கவசமும் போனது. இறக்குமதி நின்றதும் அரிசி இல்லை. மரவள்ளிக்கிழங்குதான் காலை, பகல், இரவு. என் பெரியம்மா சாகும்வரை அந்தக் கிழங்கை வாயில் வைக்கவில்லை.

அவசரகாலத்தில் சுங்கை சிப்புட்டில் சாப்பாட்டுக்கு என்ன செய்தார்கள்? (உள்ளூர்க்காரர்)

அவசரகாலம் தொடங்கியதே நம் ஊரில்தானே. 1948 ஜூன் 16ஆம் தேதி எல்பில், பின் சூன் தோட்டங்களில் மூன்று ஐரோப்பியர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். பிறகு காட்டில் இருந்த கம்யூனிஸ்ட் கெரில்லாக்களுக்கு உணவு போகாமல் தடுக்கிறோம் என்று கட்டுப்பாடுகள் வந்தன. டின் உணவை விற்கும்போதே கடைக்காரர் ஓட்டை போட்டுத் தருவார், சேமித்து வைக்க முடியாதபடி. கட்டுப்பாட்டுப் பகுதிகளில் பால் வெட்டப் போகிறவர் சோற்றுத் தூக்கைக் கொண்டுபோகக் கூடாது. விடியும் முன் ஒரு மங்கு கோப்பி, அப்புறம் வேலை முடிந்து வேலிக்குள் வந்துதான் பசியாறுவது. வாசலில் சோதனை. என் அக்கா மடியில் கட்டி வைத்திருந்த ஒரு பிடி அவலைக் கொட்டச் சொன்னார்களாம். அதைச் சொல்லும்போது எழுபது வயதிலும் கண் கலங்கும்.

கோப்பிக்கடை பற்றி எழுதுங்கள் வாத்தியாரே, கள்ளையே எழுதிக்கொண்டிருக்கிறீர்கள்! (என் பழைய மாணவன்)

சரி சரி. முதலில் ஒரு தகவல்: மலாயாத் துரைமார்கள் ரப்பருக்கு முன் கோப்பி பயிரிட்டார்கள். 1890களில் பிரேசில் கோப்பி உலகச் சந்தையை நிரப்பியதும் விலை விழுந்தது, தோட்டங்கள் ரப்பருக்கு மாறின. பக்கத்துக் கோலகங்சாரில் நிற்கும் பழைய ரப்பர் மரம் 1877இல் வந்த கன்றுகளில் ஒன்று.

டவுன் கோப்பிக்கடையைப் பெரும்பாலும் நடத்தியது ஹைனான் சீனர். வெள்ளைக்காரர் வீட்டுச் சமையலை விட்டு வந்து சொந்தக் கடை போட்டவர்கள். கொட்டையைச் சர்க்கரையும் மார்ஜரினும் போட்டுக் கருக வறுத்து, துணிப் பையில் வடித்துத் தருவார்கள். பசும்பால் அரிது, அதனால் டின் பால். வாங்கிக்கொண்டு போகிறவருக்கு அதே காலி டின்னில் ஊற்றிக் கயிறு கட்டித் தருவார்கள். மாமாக் கடைக்காரர்கள், அதாவது தமிழ் முஸ்லிம்கள், தேநீரை ஆற்றி ஆற்றித் தே தாரிக் ஆக்கினார்கள். பக்கத்திலேயே நம் ஒட்டுக்கடைகள், தோசை, வடை.

ஆனால் நான் சொல்ல வந்தது சுவையைப் பற்றி அல்ல. சம்பளத்துக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமை அப்பா என்னை டவுனுக்கு அழைத்துப் போவார். வட்டப் பளிங்கு மேசை, வளைந்த மர நாற்காலி. எதிர் மேசையில் எங்கள் பெரிய கிராணி உட்கார்ந்திருப்பார். தோட்டத்தில் அவர் முன்னால் அப்பா உட்கார்ந்ததே கிடையாது. தவுக்கே (கடை முதலாளி) இரண்டு பேருக்கும் ஒரே பீங்கான் கோப்பையில் கோப்பி வைப்பார், இரண்டு பேரிடமும் ஒரே காசு வாங்குவார். அப்பா சாசரில் ஊற்றி ஊதி ஊதிக் குடிப்பார். அன்றைக்கு மட்டும் அவசரமே பட மாட்டார்.

சம்சு? (சிம்பாங் அம்பாட்)

தோட்டங்களைச் சீரழித்தது கள்ளைவிட அதுதான். சின்னப் புட்டியில், மலிவாக, மளிகைக் கடையிலேயே கிடைத்தது. பினாங்கு பயனீட்டாளர் சங்கம் பல ஆண்டுகள் இதற்கு எதிராகப் பிரசாரம் செய்தது. இதைத் தனியாக எழுதவேண்டும், இன்றைக்கு மனம் இல்லை.

கள் இல்லாமல் பாட்டி சுட்ட மாதிரி ஆப்பம் வருமா? (தாப்பா, ஒரு தங்கை)

முழுதாக வராது. இளநீரில் ஒரு கரண்டி சீனி போட்டு ஒரு ராத்திரி மூடி வைத்துவிட்டு, மறுநாள் அதை ஊற்றி மாவை அரைத்துப் பாருங்கள். நம் ஊர்ச் சூட்டுக்கு நாலைந்து மணி நேரத்தில் பொங்கிவிடும், பெரிய சட்டியாக வையுங்கள். போன தீபாவளிக்கு எங்கள் வீட்டில் மாவு அடுப்படி முழுக்க ஓடியது.