கேம்களை வேறு டிரைவுக்கு மாற்ற ஃபார்மட் செய்ய வேண்டுமா?

கேள்வி (கானாடுகாத்தான் வாசகர்): கல்லூரியில் படிக்கும் என் மகன் விடுமுறையில் பயன்படுத்தும் மேசைக் கணினியில் 256 ஜிபி எஸ்எஸ்டி (ஹார்ட் டிஸ்கைவிட வேகமான சேமிப்பு டிரைவ்) ஒன்று மட்டுமே உள்ளது. மூன்று கேம்களை ஏற்றியதிலேயே சி டிரைவ் நிறைந்துவிட்டது. அவற்றில் ஒரு கேமே 120 ஜிபி இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. கடையில் காட்டியபோது, புதிதாக 1 டிபி டிரைவ் போட்டு, ஃபார்மட் செய்து, கேம்களை மறுபடி டவுன்லோடு செய்ய வேண்டும் என்றும், அதற்கு வேலைக்கூலி தனி என்றும் சொன்னார்கள். எங்கள் வீட்டில் மோடம் முகப்பில் இருக்கிறது. கணினி வளவை (நடு முற்றத்தை) தாண்டி இரண்டாம் கட்டில் இருக்கிறது. அங்கே வைஃபை மிகவும் மெதுவாகத்தான் வருகிறது. டவுன்லோடு செய்யாமல் மாற்ற முடியாதா?

பதில்: முடியும். ஆனால் 'ஃபார்மட்' என்று கடைக்காரர் எதைச் சொன்னார் என்பதை முதலில் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். புதிதாக வாங்கும் வெற்று டிரைவை ஒரு முறை, விண்டோஸ் கோப்புகளை அடுக்கி வைக்கும் என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மட் செய்துதான் ஆக வேண்டும். விண்டோஸில் உள்ள 'டிஸ்க் மேனேஜ்மென்ட்' வழியாக உங்கள் மகனே சில நிமிடங்களில் அதைச் செய்துவிடலாம். பழைய சி டிரைவை ஃபார்மட் செய்வது முற்றிலும் வேறு வேலை. பழைய டிரைவை எடுக்காமல் அதன் பக்கத்திலேயே புதியதையும் பொருத்தப் போகிறீர்கள் என்றால், சி டிரைவை யாரும் தொட வேண்டியதில்லை. அதற்கென்று கூலி கொடுக்கவும் வேண்டியதில்லை.

120 ஜிபி கேமை நொடிக்கு 10 மெகாபிட் வேகத்தில் இறக்கினால் 26 மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதே கேமை ஒரு டிரைவிலிருந்து இன்னொன்றுக்கு நொடிக்கு 100 எம்பி என்ற சாதாரண வேகத்தில் நகலெடுத்தால்கூட 20 நிமிடம் போதும். தடித்த சுவர்களும் நீண்ட வளவும் உள்ள நம் செட்டிநாட்டு வீடுகளில் இந்த வேறுபாட்டை அலட்சியப்படுத்த முடியாது.

கேம்களை வாங்கி இறக்கும் ஸ்டீம் செயலி வழியாக ஏற்றிய கேம் என்றால் வேலை மிக எளிது. ஸ்டீமின் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஸ்டோரேஜ்' என்பதைத் திறந்து, முதலில் புதிய டிரைவைச் சேர்த்துவிட்டு, பிறகு சி டிரைவின் பட்டியலுக்குத் திரும்பி, மாற்ற வேண்டிய கேமைத் தேர்ந்தெடுத்து 'மூவ்' கொடுத்தால் மற்றதை அதுவே பார்த்துக்கொள்ளும். மாற்றிய பின், அந்தக் கேமின் 'ப்ராப்பர்ட்டீஸ்' பகுதியில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' என்பதற்குள் இருக்கும் சரிபார்ப்பை ஒரு முறை ஓட்டுங்கள்; ஏதேனும் கோப்பு கெட்டிருந்தால் அதை மட்டும் புதிதாக இறக்கிக்கொள்ளும்.

மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் அல்லது எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியாக வந்த கேம்களின் ஃபோல்டரைக் கையால் நகலெடுக்க முயல வேண்டாம். பல நேரங்களில் விண்டோஸ் அதைப் பூட்டியே வைத்திருக்கும். விண்டோஸ் செட்டிங்ஸில் 'ஆப்ஸ்' பட்டியலில் அந்தக் கேமுக்கு எதிரே உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டால் 'மூவ்' வரும்.

ஸ்டீம் போன்ற இன்னொரு செயலியான எபிக் கேம்ஸ் லாஞ்சரில் இருப்பவற்றுக்கு, நெடுநாளாகப் பலரும் பின்பற்றும் ஒரு சுற்றுவழி உண்டு. கேம் ஃபோல்டரைப் புதிய டிரைவில் வேறொரு பெயரில் நகலெடுத்து வையுங்கள். லாஞ்சரில் அந்தக் கேமை அன்இன்ஸ்டால் செய்து, புதிய டிரைவைக் காட்டி மறுபடி இன்ஸ்டால் தொடங்குங்கள். இரண்டு மூன்று சதவீதம் இறங்கியதும் நிறுத்தி, லாஞ்சரை முழுவதுமாக மூடிவிட்டு, நகலில் உள்ள கோப்புகளை லாஞ்சர் புதிதாக உருவாக்கிய ஃபோல்டருக்குள் போடுங்கள். மறுபடி திறந்து தொடரச் சொன்னால், இருக்கும் கோப்புகளைச் சரிபார்த்து, இல்லாததை மட்டும் இறக்கும்.

நான் மிகவும் வற்புறுத்திச் சொல்ல விரும்புவது, விளையாட்டில் இதுவரை எட்டிய நிலையைச் சேமித்து வைக்கும் 'சேவ்' கோப்புகளைப் பற்றித்தான். அவை பெரும்பாலும் கேம் ஃபோல்டருக்குள் இருப்பதில்லை. சி டிரைவில் 'டாக்குமென்ட்ஸ்' அல்லது மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா' ஃபோல்டருக்குள் இருக்கும். கேமை மட்டும் மாற்றினால் அவை இருந்த இடத்திலேயே பத்திரமாக இருக்கும், கேமும் அவற்றைக் கண்டுகொள்ளும். சி டிரைவை ஃபார்மட் செய்தால், கிளவுடில் (இணையச் சேமிப்பில்) நகல் இல்லாத சேவ் கோப்புகள் அனைத்தும் அழிந்துவிடும். என் வீட்டிலேயே ஒரு முறை இப்படி நடந்து, இரண்டு மாத விளையாட்டை இழந்த பிள்ளையைத் தேற்ற முடியாமல் தவித்திருக்கிறேன். கடைக்காரர் அவசரப்படுத்தினாலும் இந்த இரண்டு ஃபோல்டர்களையும் ஒரு பென் டிரைவில் எடுத்து வைத்த பிறகே கணினியைக் கையில் கொடுங்கள். கையால் மாற்றும்போது 'கட்' செய்யாமல் 'காப்பி' செய்யுங்கள். புதிய இடத்திலிருந்து கேமைத் திறந்து சேவ் வருகிறதா என்று பார்த்த பிறகே பழைய நகல்களை நீக்குங்கள். நடுவில் மின்சாரம் போகக்கூடும் என்பதால் யுபிஎஸ் இருந்தால் நல்லது.

எந்த டிரைவ் வாங்குவது என்றும் சொல்லிவிடுகிறேன். ஹார்ட் டிஸ்க் விலை குறைவுதான், ஆனால் கேம் திறக்க நெடுநேரம் எடுக்கும். பால்டர்ஸ் கேட் 3 போன்ற சில புதிய கேம்கள் எஸ்எஸ்டி கட்டாயம் என்றே குறிப்பிடுகின்றன. எஸ்எஸ்டியில் இணைப்பு முறையைப் பொறுத்து இரண்டு வகை உண்டு: பழைய முறையான சாட்டா எஸ்எஸ்டி நொடிக்கு ஏறத்தாழ 550 எம்பி தரும். அதைவிட வேகமான என்விஎம்இ வகைகளில் பலவும் 3,500 முதல் 7,000 எம்பி வரை போகும். கேம் திறக்கும் நேரத்தில் இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாடு பெரும்பாலும் சில நொடிகள்தான் என்பதால், 7,000 என்ற எண்ணுக்காகக் கூடுதல் விலை கொடுப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். வெளியே இணைக்கும் டிரைவ் வாங்கினால் யுஎஸ்பி 3.0 துளையிலேயே செருகுங்கள், பழைய 2.0 துளையின் உச்ச வேகமே நொடிக்கு 60 எம்பிதான், நடைமுறையில் அதுவும் கிடைக்காது. 1 டிபி டிரைவை விண்டோஸ் 931 ஜிபி என்று காட்டும். அது கணக்கிடும் முறையால் வருவது, கடைக்காரர் ஏமாற்றியதாக எண்ண வேண்டாம்.

கேள்வி (தேவகோட்டை வாசகி): லேப்டாப்பில் கேம்களை மாற்றுவதற்காக எம்.2 எஸ்எஸ்டி வாங்கினேன். துளையில் சரியாகப் பொருந்துகிறது, ஆனால் லேப்டாப் அதைக் காட்டவே இல்லை. கடையில் கேட்டால், 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது' என்று பில்லில் இருப்பதைக் காட்டுகிறார்கள்.

பதில்: எம்.2 என்பது வடிவத்தின் பெயர்தான். அந்த வடிவத்தில் சாட்டா வகையும் உண்டு, என்விஎம்இ வகையும் உண்டு; சில லேப்டாப்கள் ஒன்றை மட்டுமே ஏற்கும். எனவே அந்த எஸ்எஸ்டியை அதே வகையை ஏற்கும் வேறொரு கணினியில் போட்டு, 'டிஸ்க் மேனேஜ்மென்ட்' பகுதியில் தெரிகிறதா என்று பாருங்கள். அங்கேயும் தெரியவில்லை என்றால் அது பெரும்பாலும் குறையுள்ள பொருள். பில்லில் குறித்த காலத்துக்குள், அப்படி எதுவும் குறிக்கப்படாவிட்டால் 30 நாட்களுக்குள், குறையுள்ள பொருளைத் திரும்பப் பெற மறுப்பதை 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் நியாயமற்ற வணிக நடைமுறை என்கிறது. பில்லில் அச்சிட்ட வாசகம் அதை மாற்றிவிடாது.

வேறு கணினியில் நன்றாக வேலை செய்தால் நிலைமை வேறு. லேப்டாப்பின் மாடலைச் சொல்லிக் கேட்டு, 'இது பொருந்தும்' என்று கடைக்காரர் உறுதி கூறியதால் வாங்கியிருந்தால் உங்கள் பக்கம் நியாயம் வலுவாக இருக்கிறது. அதை எழுத்தில் கொடுத்துப் பொருத்தமான வகையாக மாற்றித் தரக் கேளுங்கள். மாடலைச் சொல்லாமல் நீங்களே தேர்ந்தெடுத்திருந்தால் சட்டப்படி வற்புறுத்துவது கடினம். பேசித் தீரவில்லை என்றால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள். அடுத்த படியாகச் சிவகங்கையில் உள்ள மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் புகார் கொடுக்கலாம். 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்குப் புகார்க் கட்டணம் இல்லை.

கேள்வி (காரைக்குடி வாசகர்): சிங்கப்பூரிலிருந்து வரும் மைத்துனரிடம் எஸ்எஸ்டி வாங்கி வரச் சொல்லலாமா? அங்கே விலை குறைவு என்கிறார்.

பதில்: எல்லா நிறுவனங்களும் வெளிநாட்டில் வாங்கியதற்கு இங்கே வாரண்டி தருவதில்லை. வாங்கும் முன்பே அந்த நிறுவனத்தின் இணையதளத்தில் வாரண்டி நிபந்தனையைப் படித்துவிடுங்கள். எஸ்எஸ்டிக்குப் பொதுவாக 3 அல்லது 5 ஆண்டு வாரண்டி உண்டு. பழுதானால் அதை அங்கே திருப்பி அனுப்ப வேண்டியிருக்கும் என்றால், அந்த அஞ்சல் செலவையும் விலையோடு கூட்டிப் பார்த்து முடிவு செய்யுங்கள். வாங்கி வரச் சொன்னால் பில்லையும், சீரியல் எண் உள்ள பெட்டியையும் சேர்த்தே கொண்டு வரச் சொல்லுங்கள்.