விஷ்ணு டெம்பிள் குன்று விஷ்ணு சிஸ்ட் பாறையால் ஆனதா?

இல்லை. அமெரிக்காவின் கிராண்ட் கேன்யன் பள்ளத்தாக்கில், கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,296 மீட்டர் உயரத்திற்கு எழும் அந்தக் குன்று, படிவுப் பாறைகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டு அமைந்தது. நீங்கள் குறிப்பிடும் சிஸ்டோ, ஏறக்குறைய 170 கோடி ஆண்டுப் பழமையுடன், கொலராடோ ஆற்றை ஒட்டிய உள்பள்ளத்தில் கிடக்கும், வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் உருமாறிய பாறை.

குழப்பத்துக்குப் பெயர் ஒற்றுமையே காரணமாக இருக்கலாம். குன்றுக்கு அந்தப் பெயரை வைத்தவர் நிலவியலாளர் கிளாரன்ஸ் டட்டன். பாறைக்கு அது பின்னரே வந்தது.

குன்றின் படம் ஒன்றை மேலிருந்து கீழாகப் பாருங்கள். உச்சியருகே வெளிர்நிறச் செங்குத்தாக நிற்பது, ஏறத்தாழ 27 கோடி ஆண்டுகளுக்கு முன் பாலைவன மணல்மேடுகளாக இருந்த கோகோனினோ மணற்பாறை. அதன் அடியில் சரிவாகத் தெரிவது மென்மையான ஹெர்மிட் அடுக்கு. இது அரிக்கப்படும்போது மேலுள்ள சுவர் தாங்கலிழந்து உடைந்து விழுவதால்தான், பள்ளத்தாக்கின் விளிம்பிலிருந்து பிரிந்த மேட்டுநிலம் இப்படிக் கூர்ந்த குன்றாகிறது. அதற்கும் கீழே சூப்பாய் எனும் அடுக்குகளின் படிகள், பிறகு ரெட்வால் எனும் அடுக்கின் செங்குத்துச் சுவர்.

நிறத்தை மட்டும் நம்பிவிடாதீர்கள். ரெட்வால் உண்மையில் சாம்பல்நிறச் சுண்ணாம்புக்கல். மேலடுக்குகளிலிருந்து வழியும் இரும்பு ஆக்சைடே அதைச் சிவப்பாக்குகிறது. சரிவா, செங்குத்தா என்பதே நம்பகமான அடையாளம்.