இரு சூரியன் நாட்டுப் பஞ்சாங்கம்

கேள்வி: நான் எழுதிவரும் தொடர்கதையின் உலகத்துக்கு இரண்டு சூரியன்கள். பெரியதற்கு வேந்தன் என்றும் சிறியதற்குச் சேடி என்றும் பெயரிட்டிருக்கிறேன். வேந்தனை வணங்கும் சமவெளி மக்களும் சேடியை வணங்கும் மலை மக்களும் தலைமுறைப் பகைவர்கள். ஐந்தாம் அத்தியாயத்தில் சேடி வேந்தனை முழுவதும் மறைத்துப் பகலை இருட்டாக்க, மலை மக்கள் வெல்கிறார்கள். இப்படியோர் உலகம் இருக்க முடியுமா? அங்கே வழிபாடும் திருவிழாவும் எப்படி அமையும்?
— க. மீ., மேலூர்

பதில்: உலகம் இருக்க முடியும், ஐந்தாம் அத்தியாயம்தான் இடிக்கிறது. அதைப் பிறகு சொல்கிறேன். உங்கள் கோள் இரண்டு சூரியன்களையும் சேர்த்துச் சுற்றுகிறதா, ஒன்றை மட்டும் சுற்றுகிறதா என்பதை முதலில் முடிவுசெய்யுங்கள். சாமியும் சடங்கும் அதைப் பொறுத்தே மாறும்.

சேர்த்துச் சுற்றும் கோளுக்கு 2011இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16பி சான்று. அங்கே இரு விண்மீன்களும் ஒன்றையொன்று 41 நாளில் சுற்றிவர, கோள் அவ்விரண்டையும் 229 நாளில் சுற்றுகிறது. அத்தகைய வானில் இரண்டும் ஏறக்குறைய ஒன்றாகவே உதித்து ஒன்றாகவே மறையும். சில நாள் சேடி முந்தும், சில நாள் பிந்தும், அவ்வளவுதான். நாள்தோறும் இரண்டையும் சேர்த்தே பார்க்கும் மக்கள் ஆளுக்கொன்றாகப் பிரித்துக்கொண்டு சண்டையிடுவார்கள் என்பது எனக்கு நம்பும்படியாக இல்லை. தம்பதியராகக் கொண்டாடவே வாய்ப்பு அதிகம்.

உங்கள் பகைக்கு ஏற்றது இரண்டாவது அமைப்பு. 4.37 ஒளியாண்டுத் தொலைவிலுள்ள ஆல்ஃபா சென்டாரியின் இரு பெரிய விண்மீன்கள் ஒன்றையொன்று சுற்ற ஏறத்தாழ 80 ஆண்டு எடுத்துக்கொள்கின்றன. பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தொலைவைப் போல் 11 மடங்கு வரை நெருங்கி, 35 மடங்குக்கு மேல் விலகுகின்றன. பெரியதைச் சுற்றும் ஒரு கோளைக் கற்பனை செய்துகொண்டால், அதன் வானில் சிறியது ஒளிப்புள்ளியாகத்தான் தெரியும். ஆனால் மிக விலகியிருக்கும்போதுகூட நமது முழுநிலவைப் போல் நூறு மடங்குக்கு மேல் ஒளிவீசும், நெருங்கும்போது ஆயிரம் மடங்கைத் தாண்டும். ஆண்டின் ஒரு பகுதியில் அது வேந்தனுக்கு எதிர்ப்புறம் நின்று இரவு முழுவதும் காயும். ஆறு மாதம் கழித்து வேந்தனோடு பகலில் ஒன்றிவிட, அப்போதுதான் உண்மையான இருட்டு வரும். ஆக, கோடை, மழை என்பதோடு ஒளியிரவுக் காலம், இருளிரவுக் காலம் என்ற இன்னொரு பருவக் கணக்கும் அம்மக்களுக்கு உண்டு.

பகை இங்கிருந்து முளைக்கட்டும். உங்கள் பக்கத்துக் கிராமங்களில் விடியலுக்கு முன்னே தலையில் டார்ச் கட்டிக்கொண்டு மல்லிகை மொட்டுப் பறிப்பவர்களைப் பார்த்திருப்பீர்கள். இரவே இருட்டாத மாதங்களில் அத்தகைய செடி எப்போது மொட்டு விடும், எப்போது மலரும்? பூ விளைவிக்கும் சமவெளியான் சேடியைச் சபிப்பான். ஆட்டுக்கிடைக்கு இரவெல்லாம் காவலிருக்கும் மலைவாசி அதையே தெய்வம் என்பான். நல்ல சூரியன், கெட்ட சூரியன் என்ற அரைத்த மாவைவிட இது எவ்வளவோ மேல்.

எண்பது ஆண்டுச் சுற்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். வியாழன் ஐந்து சுற்றும் சனி இரண்டு சுற்றும் ஏறத்தாழ முடிக்கும் அறுபதாண்டுகளைக் கொண்டு நாம் ஆண்டுகளுக்குப் பெயர் வைத்திருக்கிறோம். அறுபது நிறைந்தவருக்கு மணிவிழா எடுக்கிறோம், ஆயிரம் பிறை கண்டவருக்குச் சதாபிஷேகம் செய்கிறோம். சேடி மிக நெருங்கும் ஆண்டில் பிறந்த குழந்தை அடுத்த நெருக்கத்தைக் காண எண்பது வயதாக வேண்டும். அப்படி இருமுறை கண்ட கிழவி அங்கே என்ன மதிப்புப் பெறுவாள் என்று எண்ணிப் பாருங்கள். அவள் நினைவும் கோயில் ஏடும் முரண்பட்டால் யார் சொல்வதை ஊர் கேட்கும் என்பதற்கே இரண்டு அத்தியாயம் எழுதலாம்.

திருவிழாவுக்கு மதுரையைவிட்டு நீங்கள் எங்கும் போக வேண்டாம். தனித்தனியாக நடந்துவந்த மீனாட்சி திருக்கல்யாணத்தையும் அழகர் விழாவையும் திருமலை நாயக்கர் ஒரே சித்திரையில் இணைத்தார் என்பது வழக்கு. இணைத்த பிறகும் இரண்டுக்கும் நடுவே ஓரிரு நாள் இடைவெளி நின்றது. தங்கை கல்யாணத்துக்கு அண்ணன் தாமதமாக வந்து, கோபித்துக்கொண்டு வைகையிலிருந்தே திரும்பினார் என்ற கதை அந்த இடைவெளியில் வந்து உட்கார்ந்துகொண்டது. உங்கள் மன்னனும் இரு பஞ்சாங்கங்களை இணைக்கட்டும். ஒட்டாமல் நிற்கும் நாட்களுக்கு மக்களே கதை கட்டுவார்கள்.

இனி ஐந்தாம் அத்தியாயம். இந்த அமைப்பில் சேடி எப்போதும் வேந்தனைவிடத் தொலைவில் இருப்பதால் வேந்தனுக்கு முன்னால் வரவே வழியில்லை. மாறாக, சுற்றுப்பாதைகளின் தளம் ஒத்திருந்தால், வேந்தன்தான் சேடியைச் சில மணி நேரம் மறைப்பான். அதுவும் கண்கூசும் பட்டப்பகலில், எவர் கண்ணுக்கும் படாமல். பகல் இருண்டே ஆக வேண்டுமென்றால் கோளுக்கு ஒரு நிலவைக் கொடுத்து, அதைக்கொண்டு வேந்தனை மறையுங்கள். அப்போது சேடி வேறு திசையில் இருந்தால் அதன் ஒளி மட்டும் எஞ்சும். மலை மக்கள் படையெடுக்க அது தாராளமாகப் போதும்.