நியூகிரேஞ்ச் கல்லறைக்குள் டிசம்பரில் மட்டும் வெயில் விழுவது எப்படி?

அயர்லாந்தில் பாய்ன் ஆற்றங்கரையில் உள்ள இந்த மேடு கி.மு. 3200 வாக்கில் கட்டப்பட்டது. கீசாவின் பெரிய பிரமிடைவிட மூத்தது. வெளியே சுமார் 85 மீட்டர் அகலமுள்ள புல்மேடு. உள்ளே 19 மீட்டர் நீளக் கல் நடை, அதன் முடிவில் ஈமச் சடங்குக்கான சிலுவை வடிவ அறை.

சூட்சுமம் வாசலில் இல்லை, அதற்கு மேலே இருக்கிறது. நடையின் தரை உள்ளே போகப் போக ஏறுவதால், வாசல் வழியாக நுழையும் வெயில் அறையை எட்டாது. அதற்காகவே வாசலுக்கு மேல் தனியாக ஒரு கல் சாளரம் வைத்திருக்கிறார்கள். நடையும் சாளரமும், ஆண்டின் மிகக் குறுகிய பகலன்று சூரியன் உதிக்கும் திசையைப் பார்த்திருக்கின்றன. அதனால் டிசம்பர் 21ஐ ஒட்டிய சில நாட்களில் மட்டும், சூரியன் உதித்த சற்று நேரத்தில் ஒளிக்கீற்று அதன் வழியே அறைவரை நீண்டு, சுமார் 17 நிமிடம் இருந்து மறையும். அகழாய்வாளர் மைக்கேல் ஓ'கெல்லி 1967இல் உள்ளே காத்திருந்து இதைக் கண்டார்.

எனக்கு அதைவிட வியப்பு கூரைதான். சாந்தே இல்லாமல், கற்களைச் சற்றுச் சற்றாக உள்நோக்கி நீட்டி அடுக்கி, 6 மீட்டர் உயரத்தில் ஒரு கல்லால் மூடிவிட்டார்கள். இன்றும் ஒழுகவில்லை. நம் மொட்டைமாடிகளை நினைத்தால் பொறாமையாக இருக்கிறது!

அப்புறம், படங்களில் பளிச்சென்று தெரியும் வெள்ளைக்கல் முகப்புச் சுவர் 1970களில் மீட்டுக் கட்டியது. அது முதலில் அப்படித்தான் நின்றதா என்பதில் ஆய்வாளர்களிடையே சண்டை ஓயவில்லை.