வாசகர் கேள்வி பதில்: திங்கக்கெழம விடிய 5 மணிக்கு மேட்ச்!

கேள்வி: அண்ணே, அமெரிக்காவுல 2027ல நடக்கப்போற சூப்பர் பவுல், அதான் அமெரிக்கன் ஃபுட்போல் பைனல் மேட்ச்சுக்கு எடம், தேதி, சனல் எல்லாம் எப்பவோ முடிவாயிருச்சாமே. எந்த டீம் ஆடும்னே தெரியாம எப்படி? (வாசகர், அட்டன்)

பதில்: தம்பி, நம்ம தோட்டத்து கோயில் திருவிழாவுக்கு மைக் செட்டுக்கும் லைட்டுக்கும் மொதல்ல அட்வான்ஸ் குடுத்துட்டு அப்புறந்தானே யாரு கரகம் எடுக்குறதுன்னு சண்ட போடுறோம், அதே கததான். 2027 பெப்ரவரி 14, லாஸ் ஏஞ்சல்ஸ் பக்கம் இங்கிள்வுட்ல இருக்குற சோஃபை மைதானம்னு 2023 டிசம்பர்லயே சொல்லிட்டாங்க. முந்தியெல்லாம் ஊருங்க போட்டி போட்டு கேக்கும், 2018லருந்து போட்டிய நடத்துற லீக்கே ஒரு ஊரப் பாத்து "நீ நடத்துறியா"ன்னு கேக்குது. டீம் எதுன்னு தெரியுறது மேட்ச்சுக்கு ரெண்டு கெழமைக்கு முந்திதான், அதுக்குள்ள ஹோட்டல் ரூமெல்லாம் பாதி போயிருக்கும், பாவம் ரசிகர்மாரு. சொந்த மைதானத்துல பைனல் ஆடுற கொடுப்பினை இதுவரைக்கும் ரெண்டே டீமுக்குத்தான், 2021ல டாம்பா பே, 2022ல இதே சோஃபைல ராம்ஸ், ரெண்டு பேருமே ஜெயிச்சுட்டாங்க.

சனலும் மொற வச்சுத்தான். 2021ல போட்ட ஒப்பந்தப்படி சிபிஎஸ், ஃபாக்ஸ், என்பிசி, அப்புறம் ஏபிசியும் ஈஎஸ்பிஎன்னும் சேந்து, இப்புடி சுத்தி வரும். 2027 ஏபிசி பக்கம், அவங்க கடைசியா காட்டுனது 2006ல, அன்னைக்கு பொறந்த புள்ளைக்கு இப்ப ஓட்டு இருக்கு. மொத மேட்ச் 1967ல ரெண்டு சனல் ஒரே நேரம் காட்டி, ரெண்டாவது பாதி தொடங்கி பந்த ஒதைச்சப்ப ஒரு சனல் இன்னும் விளம்பரத்துலயே நின்னுருச்சுன்னு திரும்ப ஒதைக்க வச்சாங்க. டீவிக்காரன் கண்ணு வச்சா பந்துகூட திரும்பி வரணும்!

கேள்வி: நம்ம நேரத்துக்கு எத்தன மணி? மகன் பாத்தே தீருவேன்னு நிக்கிறான். (வாசகி, பண்டாரவளை)

பதில்: அக்கா, வழக்கமா அவங்க ஞாயித்துக்கெழம பின்னேரம் மூன்றரைக்கு லாஸ் ஏஞ்சல்ஸ்ல தொடங்குனா நமக்கு திங்கக்கெழம விடிய 5 மணி. பனில கை வெறைக்க, அடுப்புல தண்ணி கொதிக்க, நீங்க பெரட்டுக்கு கெளம்புற நேரந்தான். ஆட்டம் கணக்குப்படி 60 நிமிஷம், ஆனா நிறுத்தி நிறுத்தி மூன்றர மணித்தியாலம் இழுக்கும், எடவேள பாட்டுக் கச்சேரி ஆறரை ஏழு மணியாகும், அதோட ஸ்கூல் பஸ் ஹோர்ன் அடிச்சுரும். அமெரிக்கப் புள்ளைங்களுக்கு அந்த திங்கக்கெழம ஜனாதிபதிகள் தின லீவு, ஒங்க மகனுக்கு இல்ல, அதச் சொல்லி வைங்க.

கேள்வி: அங்க கரண்ட் போகுமா? (வாசகர், தலவாக்கலை)

பதில்: போயிருக்கே! 2013ல நியூ ஓர்லியன்ஸ்ல, ரெண்டாவது பாதி தொடங்கி கொஞ்ச நேரத்துல பாதி மைதானம் இருட்டு, 34 நிமிஷம் ஆட்டம் நின்னுச்சு. காரணந்தான் சிரிப்பு, கரண்ட் பிரச்சின வரக்கூடாதுன்னு புதுசா மாட்டுன ரிலேங்குற பாதுகாப்புக் கருவியே அத வரவச்சுருச்சு. இங்க மழைக்கு லைன் போனா நாம லாம்பத் தேடுறோம், அங்க பிளேயர்மாரு தரையில படுத்து கால நீட்டி ஒடம்ப சூடாக்கிக்கிட்டு கெடந்தாங்க.

கேள்வி: விளம்பரத்துக்கு அம்புட்டு காசாமே? (வாசகர், பதுளை)

பதில்: 1967ல அர நிமிஷத்துக்கு ஏறக்கொறைய 40 ஆயிரம் டொலர். 2025ல சில கம்பெனி 80 லட்சம் டொலர் குடுத்துச்சு. நம்ம நாள் கூலிக்கு கணக்குப் போட்டு பாக்க ஒக்காந்தேன் தம்பி, போன் கல்குலேட்டர்ல எடம் பத்தல.