சேவ் கோப்பு கெடவில்லை, இடம்தான் மாறியிருக்கிறது

கேள்வி: 'நீட் ஃபார் ஸ்பீடு: மோஸ்ட் வான்டட்' (2005) என்ற கார்ப் பந்தய ஆட்டத்தின் சேவ் கோப்பை, அதாவது இதுவரை ஆடியதைச் சேமித்து வைத்திருக்கும் கோப்பை, பழைய கணினியிலிருந்து புதியதற்கு நகலெடுத்தேன். ஆட்டம் அதைக் காட்டவே இல்லை. கட்டணம் கொடுத்தால் கோப்பைச் சரிசெய்து, ஆட்டத்துப் பணத்தையும் கூட்டித் தருவதாக ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். இந்த ஆட்டம் டாக்குமென்ட்ஸுக்குள் தன் பெயரில் ஒரு கோப்புறை வைத்திருக்கும். அதற்குள் நீங்கள் ஆடும் பெயரில் இன்னொரு கோப்புறை. அதற்குள்தான் அதே பெயரில் சேவ் கோப்பு. கோப்பை மட்டும் தனியே கொண்டுவந்து போட்டால் ஆட்டத்தின் கண்ணில் படாது. கோப்புறையோடு, பெயர் மாற்றாமல் கொண்டுவாருங்கள்.

அதன் பிறகும் காட்டவில்லையா? புதிய விண்டோஸில் டாக்குமென்ட்ஸ் இரண்டு இடத்தில் இருக்கலாம்: ஒன்று உங்கள் பயனர் கோப்புறையில், மற்றொன்று மைக்ரோசாஃப்டின் இணையச் சேமிப்பான ஒன்டிரைவின் கோப்புறைக்குள். நீங்கள் ஒன்றில் வைக்க, ஆட்டம் மற்றதில் தேடும். பயனரைக் கேட்காமலே இப்படி இடம் மாற்றி வைப்பது எனக்கு அறவே பிடிக்காத வழக்கம். ஆட்டத்தில் 'சோதனை' போல ஏதாவது ஒரு புதுப் பெயரை ஆங்கில எழுத்தில் கொடுத்துத் தொடங்கி, ஒருமுறை சேமியுங்கள். பிறகு அந்தப் பெயரைக் கணினியில் தேடுங்கள். அது கிடைக்கும் இடத்திலேயே, அதன் பக்கத்தில், உங்கள் பழைய கோப்புறையை வையுங்கள். பழைய பெயரிலேயே புதிதாகத் தொடங்கிவிடாதீர்கள். உழைத்துச் சேர்த்ததன்மேல் வெற்று ஆட்டம் எழுதப்பட்டுவிடும்.

இதே வரிசையில் வந்த 'அண்டர்கிரவுண்ட் 2' ஆட்டத்தை வைத்திருப்பவர்கள் டாக்குமென்ட்ஸில் தேட வேண்டாம். அது ஆப்டேட்டா என்ற மறைந்த கோப்புறையில், லோக்கல் என்பதற்குள் இருக்கும்.

இனி பணம். ஆட்டத்தில் உங்களிடம் 1,00,000 இருந்தால், கோப்புக்குள் அது பதினாறை அடிப்படையாகக் கொண்ட ஹெக்ஸ் எண்ணாக, 'ஏ0 86 01 00' என்று இரண்டிரண்டு இலக்கமாகப் பின்னிருந்து முன்னாக எழுதப்பட்டிருக்கும். கோப்புக்குள் இருக்கும் இந்த எண்களைக் காட்டித் திருத்த விடும் ஹெக்ஸ் எடிட்டரில் அதை மாற்றுவது எளிது. ஆனால் கோப்பில் உள்ளதைக் கொண்டு கணக்கிட்ட ஒரு சரிபார்ப்பு எண்ணும் அதில் உண்டு. அதையும் திருத்தாவிட்டால், கோப்பு பழுது என்று ஆட்டம் ஒதுக்கிவிடும். இரண்டையும் சேர்த்துத் திருத்தும் எடிட்டர்களை ரசிகர்கள் இலவசமாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். இதற்குத்தான் உங்களிடம் கட்டணம் கேட்கிறார்கள்!

இவர்களில் பலர் வேறு யாரோ முடித்த ஆட்டத்தின் கோப்பைத் தலையில் கட்டிவிடுவார்கள். அதைவிட மோசம், 'சேவ்' என்ற பெயரில் .இஎக்ஸ்இ (.exe) என்று முடியும், திறந்தால் ஓடத் தொடங்கும் நிரலை அனுப்புவது. மோஸ்ட் வான்டட் சேவ் கோப்புக்கு இப்படிப் புள்ளிக்குப் பின் வரும் பின்னொட்டே கிடையாது. விண்டோஸோ பின்னொட்டுகளை வழக்கமாக மறைத்தே வைக்கிறது. ஏமாற்றுபவருக்கு இதைவிட வசதி வேண்டுமா? எக்ஸ்ப்ளோரரில் அவற்றைக் காட்டும்படி முதலில் மாற்றுங்கள். வைரஸ் தடுப்பை அணைக்கச் சொல்பவரிடம் பேச்சை அத்துடன் நிறுத்துங்கள்.

எதைத் திருத்துவதற்கு முன்பும் கோப்புறை முழுவதையும் வேறொரு டிரைவில் நகலெடுத்துத் தேதியிட்டு வையுங்கள்.