நெல் குலை நோய்: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

சிங்கப்பூர், துவாஸ் விடுதியிலிருந்து ஒருவர்: மன்னார்குடியில் எங்கள் வயலில் தோகையில் கண் மாதிரி புள்ளிகள். தம்பி வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினான். பயிர் தேற யூரியா போடச் சொல்லட்டுமா?

வேண்டவே வேண்டாம் அண்ணே. இன்றைக்கே கூப்பிட்டுத் தடுத்துவிடுங்கள். இரண்டு முனையும் கூர்ந்து, நடுவே சாம்பல் நிறம், ஓரம் பழுப்பு. நீங்கள் அனுப்பிய படத்தில் இருப்பது குலை நோய்தான். யூரியாவில் இருப்பது தழைச்சத்து; அது கூடினால் நோய் இன்னும் வேகமாகப் பரவும். மேலுரத்தை நிறுத்தி, வரப்புப் புல்லையும் வெட்டச் சொல்லுங்கள். இந்த நோயை உண்டாக்கும் பூஞ்சை அதிலும் ஒட்டியிருக்கும். ராத்திரிப் பனியில் தோகை நனைந்தே கிடக்கும் நாட்கள்தான் ஆபத்தானவை.

என் பெரிய கவலை கதிரைப் பற்றியது. கதிரின் கழுத்து கருத்துவிட்டால் மணியில் பால் பிடிக்காது, பதராகிவிடும். அதற்குப் பிறகு மருந்து அடித்து அந்தக் கதிரைக் காப்பாற்ற முடியாது. அதனால் கதிர் வெளிவருவதற்கு முன்பே வேளாண் அலுவலரிடம் வயலைக் காட்டி, அவர் சொல்லும் அளவில் தெளிக்க வேண்டும். உங்கள் ஊர்ப்பக்கத்துக்கு இது புதிதல்ல. 1919இலேயே தஞ்சை டெல்டாவைக் கடுமையாகத் தாக்கிய நோய்.

தொடக்கக் கல்லூரி மாணவி, ஈசூன்: கண்ணுக்கே தெரியாத பூஞ்சை அவ்வளவு கெட்டியான நெல் தோகையை எப்படித் துளைக்கிறது?

நல்ல கேள்வி, தங்கச்சி. பேரிக்காய் வடிவில், மூன்று அறைகளோடு இருக்கும் அதன் வித்து. ஈரத் தோகையில் விழுந்ததும் பசை போட்டு ஒட்டிக்கொள்ளும். சில மணி நேரத்தில் முளைவிட்டு, நுனியில் குமிழ் போன்ற ஓர் உறுப்பை உண்டாக்கும். அதன் சுவரில் மெலனின் என்ற கருநிறப் பொருள் படியும், உள்ளே தண்ணீரை இழுக்கும் கிளிசரால் சேரும். தண்ணீர் உள்ளே இழுக்கப்பட்டு அழுத்தம் ஏறிக்கொண்டே போகும். எவ்வளவு தெரியுமா? சுமார் 80 வளிமண்டல அழுத்தம். கார் டயரில் இருப்பதைப் போல ஏறத்தாழ 40 மடங்கு! அந்த வேகத்தில் ஊசிபோல ஒரு முனை தோகைக்குள் இறங்குகிறது. டிரைசைக்ளசோல் என்ற மருந்து மெலனின் உருவாவதைத் தடுக்கிறது; அழுத்தம் தங்காது, பூஞ்சை வெளியிலேயே நின்றுவிடும். அதனால்தான் முன்கூட்டியே தெளிப்பது பலன் தருகிறது. இங்கே டெமாசெக் லைஃப் சயன்சஸ் லேபரட்டரியிலும் இந்தப் பூஞ்சையை ஆராய்கிறார்கள். புராஜெக்ட்டுக்கு அவர்களுடைய ஆய்வுகளைத் தேடிப் படியுங்கள்.

அதே மாணவி: பைரிகுலேரியா ஒரைசே, மேக்னபோர்த்தே ஒரைசே. எது சரி?

இரண்டும் குலை நோயை உண்டாக்கும் ஒரே பூஞ்சையின் பெயர்கள்தான்.

அங் மோ கியோ அக்கா: சமூகத் தோட்டத்தில் தொட்டியில் நெல் வளர்க்கிறேன். தோகையில் சின்னச் சின்ன வட்டப் புள்ளிகள். இதுவும் குலை நோயா?

வட்டமாகவோ எள் மாதிரியோ இருந்தால் பெரும்பாலும் செம்புள்ளி நோய், அக்கா. அது பைபோலாரிஸ் ஒரைசே என்ற வேறொரு பூஞ்சை. சத்தில்லாத மண்ணில்தான் அதிகம் வரும். தொட்டி மண்ணை மாற்றி, மட்கிய உரம் போட்டுப் பாருங்கள். லேசாக நினைக்க வேண்டாம். 1942இல் வங்கத்தில் நெல்லைத் தாக்கியது இதுதான்.

தேக்காவில் கடை வைத்திருப்பவர்: நோய் வந்த வயலின் அரிசியைச் சாப்பிடலாமா?

சாப்பிடலாம். இந்தப் பூஞ்சை செடியைத் தாக்குவது, மனிதரை அல்ல. நஷ்டமெல்லாம் விவசாயிக்குத்தான்.

துவாஸ்காரர் மறுபடியும்: அடுத்த மாதம் ஊருக்குப் போகிறேன். நோய் வந்த தோகையைக் கொண்டுவந்து காட்டட்டுமா?

கொண்டுவராதீர்கள் அண்ணே. நோய்ப்பட்ட செடியை எல்லை தாண்டி எடுத்து வரக்கூடாது. காலை வெளிச்சத்தில் தோகையை ஒரு படம், கதிரின் கழுத்தை ஒரு படம், கிட்டத்தில் எடுத்து அனுப்புங்கள். போதும்.